வெள்ளைச் சேலையும் வெண்கலக் குரலும்



‘திருவிளையாடல்’ படத்தில் கோபித்துக்கொண்டு மலையேறிய முருகனைச் சமாதானம் செய்ய ஒரு பாட்டி பாடுவாரே, ஞாபகம் இருக்கா? அந்த ஔவையார்தான் கே.பி.சுந்தராம்பாள். டிவியில் அந்தப் படம் போட்டால் எங்க ஆச்சி அடுப்பை அணைச்சிட்டு வந்து உட்கார்ந்திருவாங்க.

அவரைப் பற்றி யார் பேசினாலும், “கணவர் இறந்ததும் சின்ன வயசிலேயே வெள்ளைச் சேலை உடுத்தி, கடைசி வரைக்கும் அப்படியே இருந்தார்” என்பதைத்தான் பெருமையாகச் சொல்கிறார்கள். எனக்கு அதைவிட அவர் பாடினதுதான் பெருமையாகத் தெரிகிறது. ஏன் என்று சொல்கிறேன்.

அவர் 1908-ல் கொடுமுடியில் பிறந்தவர். வீட்டில் ரொம்பக் கஷ்டம். சின்னப் பிள்ளையாக இருக்கும்போதே ரயிலில் பாடிக் காசு வாங்கியிருக்கிறார். பிறகு நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். நம்ம தூத்துக்குடி மாவட்டத்துக் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்த சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய ‘வள்ளி திருமணம்’ நாடகத்தில் வள்ளியாகப் பாடி நடித்தார். மைக் இல்லாத காலத்து மேடை அது. கடைசியில் தரையில் உட்கார்ந்திருப்பவருக்கும் கேட்கும்படி பாட வேண்டும்!

அவரோடு நடித்த செங்கோட்டை கிட்டப்பாவையே 1927-ல் மணந்தார். கிட்டப்பா 1933-ல் இறந்துபோனார். அப்போது சுந்தராம்பாளுக்கு 25 வயசு.

இனிமேல்தான் முக்கியமான விஷயம். கொஞ்ச காலம் ஒதுங்கி இருந்தவர், பிறகு எழுந்து வந்து பாடினார். 1935-ல் ‘நந்தனார்’ படத்தில் ஆண் வேடம் போட்டு நடித்தார். அதற்கு ஒரு லட்ச ரூபாய் சம்பளம். அந்தக் காலத்து லட்ச ரூபாய்! சென்னைச் சட்ட மேலவை உறுப்பினரும் ஆனார். 1953-ல் ‘ஔவையார்’, 1964-ல் ‘பூம்புகார்’. 1969-ல் வந்த ‘துணைவன்’ படத்துப் பாட்டுக்குத் தேசிய விருது. 1970-ல் பத்மஸ்ரீ. 1980-ல் காலமானார்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். ‘நந்தனார்’தான் அவருடைய முதல் படம். அப்படியென்றால் சினிமாவில் நாம் கேட்கிற அவருடைய பாட்டு ஒவ்வொன்றும் கணவரை இழந்த பிறகு பாடியது. அன்றைக்கு அவர் வாயை மூடிக்கொண்டு மூலையில் உட்கார்ந்திருந்தால் நமக்கு ஔவையார் கிடைத்திருப்பாரா?

இதை ஏன் எழுதுகிறேன் என்றால், எங்க அத்தைக்காக. அத்தையிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதுகிறேன். முன்னெல்லாம் ஊர்ப் பொங்கலுக்கு முளைப்பாரி போட்டால், கும்மிக்கு முதல் அடி எடுத்துக் கொடுக்கிறது எங்க அத்தைதான். நாலு தெருவுக்குக் கேட்கும். மாமா இறந்து மூணு வருஷம் ஆச்சு. அன்றையிலிருந்து யாரும் கூப்பிடுறதில்லை. முளைப்பாரி இருக்கிற வீட்டு வாசலையும் அத்தை மிதிக்கிறதில்லை. தீப்பெட்டி ஆபீஸ் போறாங்க, வர்றாங்க, அவ்வளவுதான். போன வருஷம் கும்மிச் சத்தம் கேட்டப்போ, வீட்டுக்குள்ள இருந்து வாய்க்குள்ளேயே பாடிக்கிட்டு இருந்தாங்க. நான் பார்த்துட்டேன்னு தெரிஞ்சதும் நிறுத்திட்டாங்க.

“சாமி காரியத்துக்கு ஆகாது” என்று பெரியவர்கள் சொல்கிறார்கள். பெரியவர்களை எதிர்த்துப் பேசுவது என் நோக்கம் இல்லை. ஒரு கேள்வி மட்டும் கேட்கிறேன். கோயில் ரேடியோ செட்டில் விடியக்காலம் போடுகிற முருகன் பாட்டு யாருடையது? சுந்தராம்பாள் குரல் சாமிக்கு ஆகும், எங்க அத்தை குரல் ஆகாதா? படத்தில் பாடினால் கையெடுத்துக் கும்பிடுகிறோம், பக்கத்து வீட்டில் இருந்தால் கூப்பிட மாட்டேங்கிறோம். இது என்ன நியாயம்?

வெள்ளைச் சேலை உடுத்தியது சுந்தராம்பாள் விருப்பம். அதை நான் மதிக்கிறேன். ஆனால் ஒருவர் தன் விருப்பத்தில் செய்ததை எல்லாப் பெண்களுக்கும் சட்டமாக்கக் கூடாது. அவரிடமிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது அவருடைய தைரியத்தை.

இந்த வருஷம் முளைப்பாரிக்கு எங்க தெருப் பிள்ளைகள் எட்டுப் பேர் சேர்ந்து போய் அத்தையைக் கூப்பிடப் போகிறோம். வருவாங்களா என்று தெரியாது. கூப்பிட வேண்டியது நம்ம கடமை. உங்க வீட்டிலும் இப்படி ஒரு அத்தையோ, சித்தியோ, அக்காவோ இருந்தால் நீங்களும் போய்க் கூப்பிடுங்கள்.

இது என் கருத்து. மாற்றுக் கருத்து இருந்தால் அடுத்த இதழில் எழுதுங்கள். 

– ஒன்பதாம் வகுப்பு மாணவி,
குளத்தூர்.