பகத்சிங் என்று பெயர் வைத்தால் போதுமா?

எங்கள் திண்டுக்கல்லில் பகத்சிங் என்ற பெயர் புதிதல்ல. நான் படித்த வகுப்பிலேயே இரண்டு பேர் இருந்தார்கள். எம்.பகத்சிங்கின் அப்பா தோல்ஷாப்புத் தொழிலாளி, செங்கொடிச் சங்கத்துக்காரர். ஆர்.பகத்சிங்கின் அப்பா கறுப்புச் சட்டைக்காரர். இரண்டு வீட்டிலும் பஞ்சாபி தெரிந்தவர் எவரும் இல்லை. நெடுஞ்சாலையில் லாரி ஓட்டி வரும் சர்தார்ஜிகளைத் தவிர ஒரு சீக்கியரை அவர்கள் பார்த்திருப்பார்களா என்பதே சந்தேகம். ஆனாலும் பிள்ளைக்கு அந்தப் பெயரை வைத்தார்கள். ஒவ்வொரு மார்ச் 23க்கும் பகத்சிங் படத்துக்கு மாலை போடுகிற நாம், அந்தப் பெயருக்குள் என்ன இருக்கிறது என்று பேசுவதில்லை.

பகத் என்றால் பஞ்சாபியில் பக்தன். ‘நான் ஏன் நாத்திகன்?’ என்று எழுதியவருக்குப் பக்தன் என்று பெயர்! சங்கிகள் இதை வைத்துக் கேலி பேசுவதையும் கேட்டிருக்கிறேன். 1907 செப்டம்பரில், லாயல்பூர் மாவட்டத்துப் பங்கா கிராமத்தில் அவர் பிறந்த சமயத்தில்தான் அப்பாவும் சித்தப்பாவும் விடுதலையாகும் செய்தி வந்ததாம். பேரன் வந்த நேரம் என்று மகிழ்ந்த பாட்டி அவரை ‘பாகன்வாலா’, அதாவது பாக்கியசாலி என்று அழைத்தார், அதையொட்டியே பகத் என்ற பெயர் அமைந்தது என்று அவர் வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

பஞ்சாபில் அந்தச் சொல்லுக்கு இன்னொரு கனமும் உண்டு. 1604இல் குரு அர்ஜன் தொகுத்த ஆதி கிரந்தத்தில், குருமார்களின் பாடல்களோடு 15 பகத்துகளின் பாடல்களும் இருக்கின்றன. யார் இந்தப் பகத்துகள்? கபீர் நெசவாளர். நாமதேவர் தையல்காரர். சைன் நாவிதர். சதனா கசாப்புக்காரர். ரவிதாஸ் காசியில் தோல் வேலை செய்தவர், தன் சாதி இன்னதென்று பாடலிலேயே சொன்னவர். பார்ப்பனர் சிலரும் சூஃபியான ஃபரீதும்கூட அந்த வரிசையில் உண்டு. தோலைத் தொட்டால் தீட்டு என்ற நாட்டில், தோல்காரர் பாடிய பாட்டின் முன்னால் நிலவுடைமையாளரும் தலைவணங்கியாக வேண்டும் என்று ஆக்கினார்கள். திண்டுக்கல் தோல் தொழிலாளர்களின் வாழ்க்கையை டி.செல்வராஜ் ‘தோல்’ நாவலாக எழுதி 2012இல் சாகித்ய அகாதமி விருது பெற்றார். சுண்ணாம்புக் குழியில் கால் வெந்த அந்தத் தலைமுறைக்கு ரவிதாஸைத் தெரிந்திருக்காது. தெரியாமலே தம் பிள்ளைகளுக்குச் சரியான பெயரை வைத்திருக்கிறார்கள்.

சிங் என்பது இன்னும் நேரடியானது. மனுதர்மத்தின் இரண்டாம் அத்தியாயம் பெயர் வைப்பதற்கும் சட்டம் போடுகிறது. பார்ப்பனன் பெயர் மங்களத்தையும், சத்திரியன் பெயர் வலிமையையும், வைசியன் பெயர் செல்வத்தையும், சூத்திரன் பெயர் இழிவையும் காட்ட வேண்டுமாம். மனுவின் பெயரைக்கூடக் கேள்விப்படாத பண்ணையார்கள் நம் ஊர்களில் இதை அட்சரம் பிசகாமல் நடத்தினார்கள். சேரிப் பிள்ளையின் பெயர் ‘சாமி’ என்று முடிந்தால் அதை வெட்டிக் கூப்பிட்டார்கள். எழுபது வயதுப் பெரியவரைப் பண்ணை வீட்டுப் பொடியன் ‘டேய்’ என்றான்.

சிங் என்றால் சிங்கம். ராஜபுத்திரர் முதலிய போர்ச்சாதிகள் சூடிக்கொண்ட பட்டம் அது. 1699 பைசாகி நாளில் அனந்தபூரில் குரு கோவிந்த் சிங் கால்சாவைத் தொடங்கியபோது, தலை கொடுக்க முன்வந்த 5 பேரில் ஒருவர் நாவிதர், ஒருவர் தண்ணீர் சுமப்பவர், ஒருவர் துணிக்கு அச்சடிப்பவர். ஐவரும் ஒரே பாத்திரத்தில் குடித்தார்கள். ஐவரும் சிங் ஆனார்கள். மனு இழிவைக் கொடுக்கச் சொன்னவனுக்குச் சிங்கத்தைக் கொடுத்தது அந்தப் பெயர்சூட்டல். பெண்களுக்குக் கவுர். குர்பிரீத், ஹர்ஜீத் போன்ற பெயர்கள் அங்கே ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது, பின்னால் வரும் சிங், கவுர்தான் வேறுபடுத்தும். அப்பாவின் இனிஷியலோடு பிறந்து கணவனின் இனிஷியலுக்கு மாறுகிற நம் பெண்களை நினைத்தால் கவுரின் அருமை தெரியும்.

இந்தப் பெயர் தமிழ்நாட்டுக்கு வந்ததும் சாதி எதிர்ப்பின் வழியாகத்தான். 1931 மார்ச் 23இல் லாகூரில் தூக்கு. 29ஆம் தேதி ‘குடிஅரசு’ இதழில் பெரியாரின் தலையங்கம். பகத்சிங்கின் கொள்கைதான் இந்நாட்டுக்குத் தேவை என்று தயங்காமல் எழுதினார். சில ஆண்டுகளில் ‘நான் ஏன் நாத்திகன்?’ நூலை ஜீவா தமிழாக்கினார். அதற்காக ஜீவாவும் பெரியாரின் அண்ணன் ஈ.வெ.கிருஷ்ணசாமியும் கைதானார்கள். பகத்சிங்கே 1928இல் ‘கிர்த்தி’ இதழில், வித்ரோகி என்ற புனைபெயரில் தீண்டாமை குறித்து எழுதியவர். வித்ரோகி என்றால் கலகக்காரன். ஒடுக்கப்பட்டவர்கள் யார் தயவையும் எதிர்பாராமல் தாங்களே அணிதிரள வேண்டும் என்பது அதன் சாரம்.

பெயரிலிருந்து சாதியை அறுக்கும் வேலையில் எங்கள் மாவட்டத்துக்கும் பங்குண்டு. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடி, சாதிப் பட்டங்களை விட்டொழிக்கத் தீர்மானம் போட்ட சுயமரியாதை மாநாட்டின் தலைவர் பட்டிவீரன்பட்டி டபிள்யூ.பி.ஏ.சௌந்தரபாண்டியன். இராமநாதபுரம் ஜில்லா போர்டு தலைவராக இருந்தபோது, ஆதிதிராவிடரை ஏற்ற மறுக்கும் பேருந்துக்கு உரிமம் கிடையாது என்று உத்தரவிட்டவர். இன்று அவர் பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டத்தை ஒட்டித்தான் சுவரொட்டி அடிக்கிறார்கள்.

சரி, பெயர் மாறினால் சாதி போய்விடுமா? எம்.பகத்சிங் வாடகை வீடு தேடிய கதையைச் சொல்கிறேன். போனில் பெயரைக் கேட்டதும், “வடக்கத்தி ஆளா?” என்றார்கள். நேரில் போனதும், “சொந்த ஊரு எது தம்பி?” ஊரைச் சொன்னதும், “அங்க எந்தப் பக்கம்?” தெருவைச் சொன்னதும், “வீட்டம்மாகிட்ட கேட்டுட்டுச் சொல்றேன்.” 300 ஆண்டு வரலாறுள்ள பெயரை உரித்துப் பார்க்க மூன்று கேள்வி போதுமாக இருந்தது.

பஞ்சாப் மட்டும் யோக்கியமா? 2011 கணக்கெடுப்பின்படி அங்கே மக்களில் கிட்டத்தட்ட 32 விழுக்காட்டினர் பட்டியல் சாதியினர், வேறெந்த மாநிலத்திலும் இந்த அளவு இல்லை. தலைப்பாகை கட்டிய பிறகும் மஜ்பி சீக்கியர் என்று தனிப்பெயர், பல ஊர்களில் தனிக் குருத்வாரா, தனிச் சுடுகாடு. மான்சா மாவட்டத்துப் பந்த் சிங், மகளுக்கு நேர்ந்த பாலியல் வன்கொடுமைக்கு நீதிமன்றத்தில் நியாயம் பெற்றார் என்பதற்காக 2006இல் தாக்கப்பட்டு இரண்டு கைகளையும் ஒரு காலையும் இழந்தார். அடித்தவர்களும் சிங், அடிபட்டவரும் சிங். பகத்சிங் தன் பெயரோடு எழுதாத சந்து என்ற குலப்பெயரை இன்று தேடி எடுத்து ஒட்டுகிறவர்களும் இருக்கிறார்கள்.

நாம் சிரிப்பதற்கு ஒன்றுமில்லை. 1997இல் விருதுநகர்ப் போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயர் வைத்தபோது, தாழ்த்தப்பட்டவன் பெயர் எழுதிய பேருந்தில் ஏறமாட்டோம் என்று ஆதிக்கச் சாதியினர் கலவரத்தில் இறங்கினார்கள். அரசு என்ன செய்தது? எல்லாக் கழகங்களின் பெயர்களையும் நீக்கியது. எங்கள் ஊர்ப் பேருந்துகளில் இருந்த ராணி மங்கம்மாளும் அப்படித்தான் போனார். ஒரு பெயரைச் சகிக்க முடியாதவர்களுக்காக அத்தனை பெயர்களையும் அழித்ததைச் சமத்துவம் என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

பிள்ளைக்குப் பகத்சிங் என்று பெயர் வைத்துவிட்டு நாம் வீட்டுக்குப் போய்விடுகிறோம். அந்தப் பிள்ளை சேரும் பள்ளியின் பலகையைப் பாருங்கள். திண்டுக்கல் மாவட்டத்தில் ஆதிதிராவிடர் நலப் பள்ளிகள் உண்டு, கள்ளர் சீரமைப்புப் பள்ளிகளும் உண்டு. பெயர் மறைத்த சாதியை மாற்றுச் சான்றிதழில் பள்ளியின் பெயர் காட்டிக்கொடுக்கிறது. இந்த அடையாளங்களை நீக்கி அரசுப் பள்ளி என்று மட்டும் எழுதச் சொல்லி நீதிபதி சந்துரு குழு 2024 ஜூனில் பரிந்துரைத்தது. உடனே எதிர்ப்பும் கிளம்பியது. ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்கான நிதியிலும் உரிமையிலும் ஒரு பைசா குறையாமல் அந்தப் பலகைகள் மாற வேண்டும். அடுத்த பெயர்சூட்டு விழாவுக்குத் துண்டறிக்கை அடிக்கும் தோழர்கள், அதே கையோடு மாவட்ட ஆட்சியருக்கு இந்த மனுவையும் எழுதுங்கள். முதல் கையெழுத்தை நான் போடுகிறேன்.