இறாலும் தக்காளியும் முதலில் நம் வீட்டு அடுப்புக்கு வரட்டும்

தக்காளி விலை சரிந்தால் பறிகூலிக்குக் கூடக் கட்டுபடியாகாது என்று பழத்தைச் செடியிலேயே விட்டுவிடும் நிலை கிருஷ்ணகிரி, தர்மபுரி, திண்டுக்கல் மாவட்ட விவசாயிகளுக்குப் புதிதல்ல. கடலோர மாவட்டங்களில் இறால் வளர்ப்போருக்கும் இதே போன்ற தொல்லை உண்டு. குட்டையில் இறால் பிடிக்கும் பக்குவத்தில் நிற்கும்போது, எங்கோ ஒரு நாட்டில் எடுக்கப்படும் முடிவால் இங்கே விலை இறங்கிவிடுகிறது. 2025-ம் ஆண்டு ஆகஸ்டு மாதம் அமெரிக்கா இந்தியப் பொருள்கள் மீதான கூடுதல் வரியை 50 சதவீதமாக உயர்த்தியபோது இதைக் கண்கூடாகக் கண்டோம். அந்நாள் வரை நம் இறாலை மிக அதிகமாக வாங்கி வந்த நாடு அமெரிக்காதான். வரி ஏறுவதும் இறங்குவதும் விவசாயியின் கையில் இல்லை.

ஆனால், நம் கையில் இருக்கும் ஒரு சந்தையை நாம் இன்னும் சரியாகப் பயன்படுத்தவில்லை. அது நம் சமையலறை. சிறு விவசாயியின் வீட்டிலும் வாரம் ஒரு நாள் இறால் தக்காளித் தொக்கு செய்து உண்ண வேண்டும் என்பது என் கருத்து. இதை நாக்கு ருசிக்காக மட்டும் சொல்லவில்லை. குடும்பத்தின் ஆரோக்கியமும், விளைபொருளின் விலையும் இதில் அடங்கியிருக்கின்றன.

முட்டை காட்டிய வழி

நாமக்கல் பண்ணை முட்டை வெளிநாடுகளுக்கும் போகிறது. ஆயினும் அந்தத் தொழிலைத் தாங்கி நிற்பது உள்நாட்டுச் சமையலறைகளே. 1982-ம் ஆண்டு தொடங்கப்பட்ட தேசிய முட்டை ஒருங்கிணைப்புக் குழு, முட்டை உண்ணும் பழக்கத்தை வீடுதோறும் வளர்க்க இடைவிடாமல் பிரசாரம் செய்தது. 1989-ம் ஆண்டு முதல் தமிழ்நாட்டின் சத்துணவிலும் முட்டை சேர்ந்தது. இன்று வெளிநாட்டு ஆர்டர் ஒன்று தவறினாலும் முட்டையைக் குப்பையில் கொட்ட வேண்டிய நிலை இல்லை.

இறாலின் கதை வேறு. 2009-ம் ஆண்டு அனுமதி பெற்று வந்த வனாமி இறால், குட்டைகளில் பெருமளவு உற்பத்தியாகிறது. அதில் பெரும்பகுதி கப்பலேறி விடுகிறது. குட்டையிலிருந்து 50 கிலோ மீட்டர் உள்ளே இருக்கும் கிராமத்தில் இறால் விருந்துக்கு மட்டும் உரிய பண்டமாகவே எண்ணப்படுகிறது. வளர்ப்பவர் நம்மவர், உண்பவர் அயலார். இந்த நிலை மாற வேண்டும்.

விலை கட்டுமா?

இறால் வாங்க நமக்கு வசதி ஏது என்று விவசாயிகள் கேட்பது நியாயமே. இங்கே கவுண்ட் கணக்கைத் தெரிந்து கொள்வது நல்லது. ஒரு கிலோவில் எத்தனை இறால் நிற்கிறது என்பதே கவுண்ட். 30 கவுண்ட் என்றால் ஓர் இறால் சுமார் 33 கிராம். 100 கவுண்ட் என்றால் 10 கிராம். பெரிய இறாலுக்குத்தான் ஏற்றுமதிக் கிராக்கி. நோய்க்குப் பயந்தோ, வேறு காரணத்தாலோ முன்கூட்டியே பிடிக்கப்படும் சிறு இறாலுக்கு விலை குறைவு. வீட்டுச் சமையலுக்கு அந்தச் சிறு இறாலே போதும். ருசியில் அது சற்றும் குறைந்ததல்ல; மசாலாவும் அதில் நன்றாக ஏறும். வளர்ப்பவருக்கு விலை போகாத ரகம் எதுவோ, அதுவே நமக்கு வேண்டிய ரகம். இருவருக்கும் இதில் லாபம்.

தலையும் ஓடும் போனால் ஒரு கிலோ இறாலில் ஏறக்குறைய அரைக் கிலோ சதைதான் மிஞ்சும். ஆகவே விலையை இரட்டிப்பாக வைத்துக் கணக்கிட வேண்டும். ஐந்து பேர் உள்ள குடும்பத்திற்கு அரைக் கிலோ முழு இறால், அதாவது கால் கிலோ சதை போதும். இதில் சுமார் 50 கிராம் புரதம் உண்டு. ஆளுக்கு 10 கிராம். ஒரு முட்டையில் கிடைப்பது 6 கிராம்தான். விளைந்ததை எல்லாம் விற்றுவிட்டு ரசம் சோற்றோடு நாளைக் கழிக்கும் குடும்பங்களில், குறிப்பாகப் பெண்களுக்கும் வளரும் குழந்தைகளுக்கும் இந்தப் புரதம் மிகவும் தேவை.

தக்காளி மலிந்த வாரத்தில் செய்ய வேண்டியது

வயலில் களை எடுத்துவிட்டு மாலையில் வீடு திரும்பும் பெண்ணிடம் ஒரு மணி நேரம் அடுப்படியில் நில் என்று கூறுவது பொருந்தாது. எனவே வேலையை இரண்டாகப் பிரித்துக் கொள்ள வேண்டும். தக்காளி நின்று வதங்க வேண்டியது. இறால் விரைவில் வேக வேண்டியது. இரண்டையும் ஒன்றாகப் போட்டு நெடுநேரம் கொதிக்க விட்டால் தக்காளி பக்குவப்படும். இறால் ரப்பர் போலாகிவிடும்.

விலை குறைந்த வாரத்தில் நன்கு பழுத்த தக்காளி 2 கிலோ வாங்கிக் கழுவி நறுக்கவும். புளிப்பு மிகுந்த நாட்டுத் தக்காளி கிடைத்தால் மிகவும் நல்லது. தோல் தடித்த ஒட்டுரகத் தக்காளியாக இருந்தால் எலுமிச்சை அளவு புளி சேர்க்கலாம். நல்லெண்ணெய் 150 மில்லியைக் காய வைத்துக் கடுகு தாளித்து, தக்காளியையும் மஞ்சள் தூளையும் போட்டு மிதமான தீயில் வதக்கவும். நீர் சுண்டியதும் உப்பு 40 கிராம், மிளகாய்த் தூள் 40 கிராம், வறுத்துப் பொடித்த வெந்தயம் ஒரு தேக்கரண்டி, சிறிது பெருங்காயம் சேர்க்கவும். ராமநாதபுரம் முண்டு மிளகாயை வறுத்து அரைத்துச் சேர்த்தால் காரமும் மணமும் தனியாகத் தெரியும். எண்ணெய் பிரிந்து மேலே வரும்போது இறக்கி, நன்றாக ஆறிய பின் ஈரமில்லாத கண்ணாடி அல்லது பீங்கான் ஜாடியில் அடைக்க வேண்டும். புளிப்புப் பண்டமாதலால் அலுமினியப் பாத்திரத்தைத் தவிர்ப்பது நல்லது.

2 கிலோ பழம் வற்றி சுமார் 600 கிராம் தொக்கு கிடைக்கும். வாரம் ஒரு முறை சமைத்தால் ஒரு மாதத்திற்கு வரும். குளிர்சாதனப் பெட்டி இல்லாதவர்கள் இதில் பாதி அளவே செய்து இரண்டு வாரத்திற்குள் தீர்த்துவிட வேண்டும். ஈரக் கரண்டி கூடாது. பூசணம் கண்டால் மேலே வழித்தெடுத்துவிட்டு உண்ணாமல், முழுவதையும் கொட்டிவிட வேண்டும். தக்காளியின் சிவப்புக்குக் காரணமான லைகோபீன் என்ற சத்து, எண்ணெயில் வதங்கிய பின்னரே உடலில் நன்றாகச் சேர்கிறது என்பதும் குறிப்பிடத்தக்கது.

ஓர் ஊரில் 200 வீடுகள் தக்காளி மலிந்த நேரத்தில் ஆளுக்கு 2 கிலோ கூடுதலாக வாங்கினால் 400 கிலோ பழம் விற்பனையாகும். தக்காளி பயிரிடும் விவசாயி தன் வீட்டுக்கு விலை கொடுத்து வாங்கவே வேண்டியதில்லை. பறிக்காமல் விடும் பழத்தில் ஒரு கூடை போதும்.

பதினைந்து நிமிடச் சமையல்

இறாலை உரித்து, முதுகில் கறுப்பாக ஓடும் குடலை ஊசியால் நீக்கி, மஞ்சள் தூள் தடவிக் கழுவி வைக்கவும். தலையையும் ஓட்டையும் எறிந்துவிட வேண்டாம். கழுவி ஒரு தம்ளர் நீரில் பத்து நிமிடம் கொதிக்க வைத்து வடிகட்டினால் குழம்புக்கு நல்ல சாறு கிடைக்கும். சக்கையை எருக்குழியில் போட்டு மண்ணால் மூடிவிடலாம்.

சட்டியில் இரண்டு கரண்டி எண்ணெய் விட்டு, சோம்பு, கறிவேப்பிலை, தட்டிய பூண்டு பத்துப் பல், நறுக்கிய சின்ன வெங்காயம் 100 கிராம் ஆகியவற்றை நான்கு நிமிடம் வதக்கவும். தயாராக உள்ள தக்காளித் தொக்கில் 150 கிராம் போட்டு, இறால் சாறு அரைத் தம்ளர் விட்டுக் கொதிக்க விடவும். நன்கு கொதிக்கும்போது இறாலைப் போட்டுக் கிளறவும். சிறு இறாலுக்கு மூன்று அல்லது நான்கு நிமிடம் போதும். தொக்கிலேயே உப்பும் காரமும் இருப்பதால் ருசி பார்த்த பின்பே கூடுதலாகச் சேர்க்க வேண்டும். இறுதியில் மிளகுத் தூள் ஒரு தேக்கரண்டி தூவி இறக்கவும்.

பதம் அறிவது எளிது. இறால் பிறை போல் வளைந்தால் வெந்துவிட்டது. வளையம் போல் சுருண்டால் முற்றிவிட்டது. மண்சட்டியின் சூடு இறக்கிய பிறகும் வேகவைக்கும். ஆகவே மண்சட்டியில் சமைப்போர் ஒரு நிமிடம் முன்னதாகவே இறக்குதல் வேண்டும். சுடு சோற்றுக்கும், கேழ்வரகுக் களிக்கும் இது நல்ல துணை.

வாங்கும்போது ஓடு உறுதியாகவும், தலை சதையோடு ஒட்டியும், சதை கண்ணாடி போலவும் இருக்கிறதா என்று பார்க்கவும். தலையில் கரும்புள்ளி தோன்றியிருந்தால், பிடித்தவுடன் ஐஸில் இடவில்லை என்று பொருள். மூக்கைத் துளைக்கும் வாடை இருந்தால் வாங்கவே கூடாது. இறால் சிலருக்கு ஒவ்வாது. உடலில் தடிப்பு, உதடு வீக்கம், மூச்சுத் திணறல் கண்டவர்கள் இதை அறவே தவிர்த்து டாக்டரை அணுக வேண்டும். ரத்தத்தில் கொலஸ்ட்ரால் கூடுதலாக உள்ளவர்கள் டாக்டரின் யோசனைப்படி உண்பது நல்லது.

வயலா, குட்டையா?

இறால் குட்டையால் எங்கள் கிணறு உப்பானது. அந்த இறாலை நாங்கள் ஏன் வாங்க வேண்டும் என்று டெல்டா விவசாயிகள் கேட்கலாம். இந்தக் கேள்வியை ஒதுக்கிவிட முடியாது. இறால் பண்ணைகளால் ஏற்பட்ட கேடுகள் பற்றி 1996-ம் ஆண்டு உச்ச நீதிமன்றமே கடுமையான தீர்ப்பு வழங்கியது. 2005-ம் ஆண்டு கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் வந்தது. விளைநிலத்தையும் அலையாத்திக் காடுகளையும் குட்டையாக மாற்றக் கூடாது என்பது விதி. விதியை மீறும் பண்ணைக்கு நாம் பரிந்து பேச வேண்டியதில்லை. ஆனால், உள்ளூரில் உண்போர் பெருகினால் கேள்வி கேட்கும் உரிமையும் பெருகும். எந்தப் பண்ணை, பதிவு உண்டா, கழிவு நீர் எங்கே போகிறது என்று விசாரித்து வாங்கும் கிராமத்தை எந்தப் பண்ணையும் அலட்சியம் செய்ய இயலாது.

தரமும் அப்படியே. குளோரம்பெனிகால், நைட்ரோபியூரான் போன்ற தடை செய்யப்பட்ட மருந்துகள் உள்ளனவா என்று ஏற்றுமதி இறாலைப் பிடிப்பதற்கு முன்பே பரிசோதிக்கிறார்கள். அயல்நாட்டார் தட்டுக்கு ஒரு தரம், நம் குழந்தையின் தட்டுக்கு வேறொரு தரம் என்பதை ஏற்க முடியாது. உள்ளூர்ச் சந்தைக்கு வரும் இறாலுக்கும் அதே பரிசோதனை வேண்டும் என்று விவசாயிகள் சங்கங்கள் குரல் எழுப்ப வேண்டும்.

ஊர் கூடி வாங்கலாம்

தனி ஒரு வீடு அரைக் கிலோ இறாலுக்காகக் கடற்கரைக்குப் போக முடியாது. பத்து வீடுகள் சேர்ந்தால் 5 கிலோ ஆகிறது. மகளிர் சுய உதவிக் குழுவினர் பண்ணையில் இறால் பிடிக்கும் நாளை முன்கூட்டியே விசாரித்து, தெர்மோகோல் பெட்டியில் இறாலுக்குச் சமமான எடை ஐஸ் இட்டுக் கொண்டு வந்தால் அன்று மாலையே பங்கிட்டுக் கொள்ளலாம். கிழக்குக் கடலில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகள் மீன்பிடிக்கத் தடை உள்ள 61 நாட்களில் இந்த ஏற்பாடு மிகவும் கைகொடுக்கும்.

விற்றது போக மீதியை உண்பது நம் வழக்கமாகிவிட்டது. வீட்டுக்கு எடுத்தது போக மீதியை விற்பதே முறை. அயல்நாட்டுச் சந்தை வரட்டும், வேண்டாமென்று சொல்லவில்லை. அதை மட்டுமே நம்பியிருப்பதுதான் ஆபத்து. தக்காளி விலை சரியும் அடுத்த வாரத்தில் 2 கிலோ பழத்தை வீட்டுக்கு எடுத்து வைத்துத் தொக்கு கிளறுங்கள். இறாலுக்குப் பக்கத்து வீட்டையும் சேர்த்துக் கொள்ளுங்கள்.