பிள்ளைகள் "ஏன்?" என்று கேட்கட்டும்

"பாடம் படிக்கப் பிள்ளைகளை அனுப்பினோம், அவர்களோ மரத்தடியில் மங்குகளைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்களே!" என்று பெற்றோர் சிலர் நம்மிடம் குறைபட்டுக்கொள்வதுண்டு. அவர்தம் கவலையை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆயினும், வினவிக் கண்டறியும் கல்விமுறை தோட்ட மக்களுக்கு அந்நியமானதன்று என்பதே நமது கருத்து.

தெப்ராவ் நீரிணைக்கு அப்பாலுள்ள சிங்கப்பூருக்கு 1877ஆம் ஆண்டில் 22 இரப்பர்க் கன்றுகள் வந்தன. 1888இல் அங்குள்ள தாவரத் தோட்டத்தின் பொறுப்பை ஏற்ற ரிட்லி என்னும் ஆங்கிலேயர், மரத்துக்குக் கேடின்றிப் பாலெடுப்பது எவ்வாறு என வினவினார். வெட்டிப் பார்த்தார், அளந்தார், மீண்டும் வெட்டினார். பழைய வெட்டின் ஓரத்தையே மெல்லியதாகச் சீவிவந்தால் மரமும் பிழைக்கும், பாலும் பெருகும் என்பது அவ்வாறே புலப்பட்டது. நம் பாட்டன் பாட்டிமார் உளியேந்தி நின்ற நிரைகளெல்லாம் அக்கேள்விக்குப் பின் எழுந்தவையே.

வெயில் ஏறினால் பால் நின்றுவிடும் என்பதைப் பழைய மரவெட்டுத் தொழிலாளர் எவரும் அறிவர். பகலில் இலைகள் நீரை வெளிவிடுவதால் பட்டைக்குள் அழுத்தம் குறைவதே அதன் காரணம். பட்டறிவு வீட்டில் இருக்கிறது. காரணம் தேடும் பழக்கத்தை வகுப்பறை தரவேண்டும்.

செம்பனை மிகுந்துவிட்ட இந்நாளிலும் ஆங்காங்கே பால்மரங்கள் எஞ்சியுள்ளன. இரு மங்குகளில் பாலைச் சமமாக ஊற்றி, ஒன்றில் மட்டும் எலுமிச்சைச் சாற்றைப் பிழியச் செய்யலாம். அது விரைவில் உறையும். புளிப்பே காரணம் என்று மாணவர் எழுதிக்கொள்வர். மறுநாள் பார்த்தால் மற்ற மங்கிலும் பால் உறைந்திருக்கும்! அங்குதான் உண்மையான பாடம் தொடங்குகிறது. நுண்ணுயிர்கள் பாலிலேயே புளிப்பை உண்டாக்குகின்றன என்று ஆசிரியர் உடனே கூறிவிடலாகாது. வீட்டுத் தயிரை நினைவூட்டினால் போதும்.

இது பிள்ளைகளைத் தம்போக்கில் விட்டுவிடும் முறையன்று; ஆசிரியருக்கு இரட்டிப்பு உழைப்பு. வாய்பாடும் குறளும் மனனமாகவே வேண்டும். அதில் நமக்கு ஐயமில்லை. ஆனால், தேர்வைக் காரணம் காட்டிக் கேள்விகளைத் தள்ளிவைக்க இனி இடமில்லை. 1988இல் தொடங்கிய யு.பி.எஸ்.ஆர். தேர்வு 2021இல் கைவிடப்பட்டுவிட்டது.

ஆறாம் ஆண்டுக்குப் பின் நம் பிள்ளைகள் மலாய்மொழியில் பயிலும் இடைநிலைப்பள்ளிக்குச் செல்கின்றனர். அங்கே, புரியாதபோதும் கையுயர்த்தாமல் பின்வரிசையில் ஒடுங்கிவிடுவோர் உளர். மொழி ஒன்றே அதற்குக் காரணம் என நாம் கருதவில்லை. தாய்மொழியில் வினவிப் பழகாத பிள்ளை வேற்றுமொழியில் எங்ஙனம் வினவும்?

எனவே பெற்றோர்களே, வேலை முடிந்து களைத்திருக்கும் வேளையில் பிள்ளை "ஏன்?" என்றால் "சும்மா இரு" என்று அடக்கிவிடாதீர்கள். தெரிந்ததைச் சொல்லுங்கள், தெரியாததை ஆசிரியரிடம் கேட்டுவருமாறு அனுப்புங்கள். மரம் வெட்டிப் பழகிய பெரியவர்கள் எவரேனும் ஒருநாள் காலை நம் வகுப்புக்கு வந்து, உளி பிடிக்கும் முறையைப் பிள்ளைகளுக்குக் காட்டினால் நன்றியுடன் வரவேற்போம்.