நீர் ஊற்றுமுன் கரையும் பொருள்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., வேதியியல்)

நீரில் இட்ட உப்பு கரையும், சர்க்கரையும் கரையும். இது சிறு குழந்தையும் அறிந்த உண்மை. ஆனால், நீர் ஊற்றுவதற்கு 1.12 வினாடி முன்னதாகவே கரைந்துவிடும் பொருள் ஒன்று உண்டென்றால் நம்புவோமா? அதன் பெயர் தயோடிமோலின். நண்பர்களே, அஞ்ச வேண்டாம்! எந்தத் தேர்விலும் இதைக் கேட்கமாட்டார்கள். புகழ்பெற்ற அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஐசக் அசிமோவின் கற்பனையில் பிறந்த பொருள் இது.

அசிமோவ் அமெரிக்காவின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வேதியியல் முனைவர் பட்டத்திற்காக ஆய்வு செய்துவந்தார். அப்போது கேட்டக்கால் என்னும் சேர்மம் நீரைத் தொட்ட மாத்திரத்தில் கரைந்து மறைவதைக் கண்டார். இன்னும் சற்று விரைந்தால் நீரைத் தொடுமுன்பே கரைந்துவிடுமே என்று ஒரு குறும்பான எண்ணம் எழுந்தது. ஆய்வேடு எழுதப் பழகியது போலவும் இருக்கும் என்று, அதையே ஓர் ஆராய்ச்சிக் கட்டுரையின் வடிவில் எழுதினார். அட்டவணை, வரைபடம், மேற்கோள் பட்டியல் என ஒன்றும் குறைவில்லை, அத்தனையும் கற்பனை! 1948 மார்ச் மாதத்து 'அஸ்டவுண்டிங் சயன்ஸ் ஃபிக்ஷன்' இதழில் அது வெளிவந்தது. அதே ஆண்டு அவருடைய வாய்மொழித் தேர்வின் முடிவில், பேராசிரியர் ஒருவர் தயோடிமோலினைப் பற்றியும் கேட்டுச் சிரிக்க வைத்தாராம்.

இப்பொருள் எப்படி இயங்குகிறது? கார்பனின் நான்கு பிணைப்புகளில் இரண்டு வழக்கம்போல் இருக்க, ஒன்று எதிர்காலத்தையும் ஒன்று இறந்தகாலத்தையும் எட்டிப் பிடிக்கின்றனவாம். நீர் ஊற்றுவேன் என்று உறுதி கொண்டவனுக்குத்தான் அது முன்கூட்டிக் கரையும். மனம் தடுமாறினால் கரைதலும் தடுமாறும். எனவே மனிதனின் மனவுறுதியை அளக்க இதைப் பயன்படுத்தலாம் என்று 1953இல் மற்றொரு கட்டுரை எழுதினார். 1960இல் எழுதியதில், செயற்கைக்கோள் ஏவுதல் வெற்றி பெறுமா என்பதை முன்கூட்டியே அறிய இதைப் பயன்படுத்தலாம் என்றார்.

அசிமோவ் எழுதாத பயன் ஒன்றும் உண்டு. அது நம் ஆய்வகங்களில் நாள்தோறும் நடக்கிறது. பியூரெட்டில் கரைசலை நிரப்புமுன்பே ரீடிங் தயாராகிவிடுகிறது! சென்ற ஆண்டு படித்த அண்ணன்மாரின் ரெக்கார்டு நோட்டிலிருந்தோ, கைபேசியில் வந்த படத்திலிருந்தோ விடை வந்து சேர்கிறது. விடையிலிருந்து பின்னோக்கிக் கணக்கிட்டு, மூன்று முறையும் 19.8 மி.லி. என்று எழுதப்படுகிறது. பிறகுதான் பினாப்தலினைத் தேடுகிறோம். இளஞ்சிவப்பு நிறம் தோன்ற வேண்டிய குடுவையில் ரோஜாப்பூ நிறமே வந்தாலும் ரெக்கார்டில் 19.8தான்.

மாணவர்களை மட்டும் குறை கூறுவது நியாயமன்று. பிழை விழுக்காடு கூடினால் செய்முறைத் தேர்வில் மதிப்பெண் குறைகிறது. நேர்மையாகச் செய்து 20.4 எழுதியவன் குறைந்த மதிப்பெண் பெறுகிறான், செய்யாமலே 19.8 எழுதியவன் முழு மதிப்பெண் பெறுகிறான். இதைக் கண்ட எவனுக்குத்தான் 20.4 எழுத மனம் வரும்?

ஆயினும், எதிர்பார்த்த விடைக்கு மாறான ஒரு ரீடிங் எவ்வளவு மதிப்புள்ளது என்பதை இராலே பிரபுவின் வரலாறு காட்டுகிறது. காற்றிலிருந்து பிரித்த நைட்ரஜன் லிட்டருக்கு 1.2572 கிராம் இருந்தது. சேர்மங்களிலிருந்து பெற்ற நைட்ரஜனோ 1.2505 கிராம். வேறுபாடு அரை விழுக்காடு அளவே. நாமாக இருந்தால் இரண்டையும் ஒன்றாக்கி எழுதிவிட்டு வீடு திரும்பியிருப்போம். அவர் அவ்வாறு செய்யவில்லை. காரணம் புரியவில்லை என்று 1892இல் 'நேச்சர்' இதழில் வெளிப்படையாக எழுதி, வேதியியலாரிடம் விளக்கம் கேட்டார். அந்தச் சிறு வேறுபாட்டுக்குள் ஒளிந்திருந்த ஆர்கான் வாயுவை 1894இல் அவரும் இராம்சேயும் உலகுக்கு அறிவித்தனர். 1904இல் இருவரும் நோபல் பரிசு பெற்றனர், ஒருவர் இயற்பியலில், மற்றவர் வேதியியலில்.

நாமெல்லாம் நோபல் பரிசு பெறப்போகிறோமா என்று சிலர் நகைக்கலாம். பெறாமல் போகலாம். ஆனால் நம்மில் பலர் நாளை குடிநீர்ப் பரிசோதனைக் கூடத்திலும் மருந்துத் தொழிற்சாலையிலும் இதே பியூரெட்டைத்தான் பிடிக்கப் போகிறோம். என் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். என் ரெக்கார்டைத் திறந்து சரிபார்க்க எங்கள் வீட்டில் ஒருவருமில்லை. எங்கள் தெருவாருக்கும் அப்படித்தான். கிணற்று நீர் குடிக்க ஏற்றதென்று நான் கையெழுத்திட்டுக் கொடுத்தால் நம்பிக் குடிப்பார்கள். படிக்கத் தெரியாதவர் வைக்கும் அந்த நம்பிக்கைக்கு இரண்டாம் ஆண்டிலேயே கணக்கு எழுதிப் பழகியவன் எப்படி ஈடு கொடுப்பான்?

அசிமோவும் பொய்யான அட்டவணை எழுதினார். ஆனால் அதைக் கதை இதழில் வெளியிட்டார். நாம் அதைச் செய்முறை என்று சொல்லி ஆசிரியரிடம் கையெழுத்து வாங்குகிறோம்.

ஆசிரியப் பெருமக்களிடம் பணிவுடன் மூன்று வேண்டுகோள்கள். ஒன்று, ஆய்வகத்தை விட்டு வெளியேறுமுன் ரீடிங்கை மையால் எழுதச் செய்து அப்போதே கையொப்பமிடுங்கள். இரண்டு, ஒவ்வொருவருக்கும் வெவ்வேறு செறிவில் கரைசல் கொடுங்கள். மூன்று, விடை ஏன் விலகியது என்று காரணம் எழுதுபவனுக்கும் மதிப்பெண் கொடுங்கள். இவற்றுக்குப் புதிய கருவி எதுவும் வேண்டியதில்லை.

மாணவ நண்பர்களிடம் ஒரே வேண்டுகோள்: அடுத்த வாரம் ஆய்வகத்தில் முதலில் நீரை ஊற்றுவோம், பிறகு கரைகிறதா என்று பார்ப்போம்.