ஸ்பீக்கர் தாங்கும், காது தாங்குமா?

பையன் புதுசாக ஹோம் தியேட்டர் மாட்டியிருக்கிறான். "ஸ்பீக்கர் தாங்கும்ப்பா" என்று சவுண்டைக் கூட்டுகிறான். ஸ்பீக்கர் தாங்காவிட்டால் கரகரக்கும், குறைத்துவிடலாம். காது முன்கூட்டிச் சொல்லாது.

பேங்க்காரன் கணக்குப் போட்டுக் காட்டினேன். அமெரிக்காவின் நியாஷ் அமைப்பு தொழிலாளர்களுக்குச் சொன்ன அளவு: 85 டெசிபல் என்றால் நாளைக்கு 8 மணி நேரம். 3 டெசிபல் கூடும்போதெல்லாம் நேரம் பாதி. 100-க்கு வந்தால் 15 நிமிஷம்தான்!

எங்கப்பா கோலார் தங்கவயலில் பூமிக்கடியில் டிரில் மெஷின் பிடித்தவர். 2001-ல் சுரங்கம் மூடியதோடு சத்தம் நின்றது. போன காது திரும்பவில்லை. இன்றைக்குப் பேரன் போனில் பேசினால் அவருக்குப் பிடிபடாது.

அப்பா காதைக் கொடுத்தது எங்கள் சோற்றுக்காக. சினிமா சத்தத்துக்குக் கொடுப்பானேன்?

சோபாவில் உட்கார்ந்து செல்போனில் அளந்தேன். 80-ஐத் தாண்டாத வால்யூம் எண்ணை எழுதி ரிமோட்டிலேயே ஒட்டிவிட்டேன். உங்கள் வீட்டிலும் ஒட்டுங்கள்.