ஐடா என்றால் உழைப்பு!

ஐடா! தமிழில் எழுதினால் இரண்டே எழுத்து. நாவுக்கு எளிது, செவிக்குப் புதிது. பனி மூடும் வடபுல நாடுகளான டென்மார்க்கிலும் நார்வேயிலும் சுவீடனிலும் பெற்றோர் இன்றும் விரும்பி இடும் பெண்பெயர் அது. "அனல் காற்று வீசும் விழுப்புரத்துக்கும் திண்டிவனத்துக்கும் அந்தப் பனிநாட்டுப் பெயரோடு என்ன உறவு?" என்று கேட்பீர்கள். உறவு உண்டு, தோழர்களே! 1890-ஆம் ஆண்டில் திண்டிவனத்துக்கு வந்த ஒரு பெண்ணால் விளைந்த உறவு. மூன்று பெண்களின் உயிரை விலையாகக் கொடுத்துப் பெற்ற உறவு. அதைக் கூறுமுன், பெயரின் பெயரால் நம் வீதிகளில் நடைபெறும் வாணிபத்தைச் சற்றே காண்போம்.

குழந்தை பிறந்த செய்தி வந்ததும், "தாய் நலமா?" என்று கேட்பதற்கு முன்னே, "பிறந்த நேரம் என்ன?" என்று கேட்கும் வீடுகள் இன்னும் இருக்கின்றன. நேரத்தைக் குறித்துக்கொண்டு ஓடுகிறார் தந்தை. பஞ்சாங்கத்தைப் புரட்டுகிறார் சோதிடர். "நட்சத்திரம் திருவாதிரை. கு, க, ங, ச! இந்த நான்கில் ஒன்றில்தான் பெயர் தொடங்க வேண்டும்!" என்கிறார். 'ங'வில் தொடங்கும் பெயர் ஒன்றை அந்தச் சோதிடர் சொல்லட்டும், பார்ப்போம்! அரிச்சுவடியில் அந்த எழுத்தைக் கற்ற பிள்ளை, பெயர்களின் முதலில் அதைத் தேடித் தேடிக் களைத்துப் போகும். குழந்தையின் எதிர்காலம் அனைத்தும் தெரிந்த விண்மீனுக்குத் தமிழ் இலக்கணம் மட்டும் தெரியாமற் போயிற்று போலும்!

சோதிடர் போனால் எண் கணித வித்தகர் வருகிறார். பெயரின் எழுத்துகளை எண்ணாக்கிக் கூட்டுகிறார். ஓர் எழுத்தைச் சேர்த்தால் செல்வம், ஓர் எழுத்தை எடுத்தால் சீர் என்கிறார். எந்த எழுத்து? தமிழ் எழுத்தா? இல்லை, ஆங்கில எழுத்து! தமிழ் வீட்டில் பிறந்த தமிழ்க் குழந்தையின் தலைவிதியைப் பிரிட்டனிலிருந்து வந்த நெடுங்கணக்கு தீர்மானிக்கிறதாம். ஐடா என்பதையே எடுத்துக்கொள்வோம். ஆங்கிலத்தில் மூன்று எழுத்து. கல்தேயர் முறை என்று சொல்லப்படுவதன்படி 1, 4, 1, கூட்டினால் 6. பித்தாகரசு முறை என்று சொல்லப்படுவதன்படி 9, 4, 1. கூட்டினால் 14, அதை மீண்டும் கூட்டினால் 5. ஒரே பெண், ஒரே பெயர், இரண்டு எண்! அவள் ஆறுக்கு உரியவளா, ஐந்துக்கு உரியவளா? இருவரும் தங்களுக்குள் முடிவு செய்துகொண்டு, பிறகு நம்மிடம் கட்டணம் கேட்கட்டும்.

ஆண்டுதோறும் வருகைப் பதிவேட்டைக் கையில் ஏந்தும் ஆசிரியன் நான். புதிய வகுப்பில் மாணவியரை ஒவ்வொருவராக எழுப்பி, "உன் பெயருக்குப் பொருள் என்ன, அம்மா?" என்று கேட்பது வழக்கம். பலரிடம் விடையில்லை. பெயரின் கடைசி ஓசை மட்டும் ஒன்றுபோல் நீள்கிறது: 'ஆ' அல்லது 'ஈ'. இந்த நீட்சி எங்கிருந்து வந்தது? மனுதருமத்தின் இரண்டாம் அத்தியாயத்தைப் புரட்டுங்கள். பிராமணனுக்கு மங்கலம், சத்திரியனுக்கு வலிமை, வைசியனுக்குச் செல்வம், சூத்திரனுக்கோ இழிவு தோன்றும் பெயரிடுக என்று வகுத்தவர், பெண்ணையும் விட்டுவைக்கவில்லை. அவள் பெயர் சொல்வதற்கு எளிதாக இருக்கவேண்டும், கடுமை கூடாது, மனத்தைக் கவரவேண்டும், நெடிலில் முடியவேண்டும் என்பது விதி. இன்று பெயரிடுவோர் மனுவைப் படித்தா இடுகிறார்கள்? இல்லை. படிக்காமலேயே பணிகிறார்கள்! ஆணுக்கு வெற்றியும் வீரமும் பெயராகும். பெண்ணுக்கு மென்மையும் இனிமையும் பெயராகும். அந்த விதியில் ஒன்றுண்டு, பொருள் தெளிவாக விளங்கவேண்டும் என்பது. அதை மட்டும் நம்மவர் மறந்துவிட்டனர். கேட்டினைக் கைக்கொண்டு, அதில் கிடந்த ஒரே நல்லதைக் கைவிட்டனர்!

இனிக்கும் பெயராவது போகட்டும். தொடர்ந்து பெண் பிறந்த வீட்டில், அடுத்த பெண்ணுக்குப் 'போதும்பொண்ணு' என்றும் 'வேண்டாம்' என்றும் பெயரிட்ட நாடு இது. அப்படிப் பெயரிட்டால் அடுத்தது ஆணாகப் பிறக்குமாம்! மராட்டியத்திலும் 'வேண்டாதவள்' என்ற பொருளில் 'நகுசா' என்று பெண்ணுக்குப் பெயரிடுவர். 2011-இல் சாத்தாரா மாவட்டத்தில் அத்தகைய பெயர் தாங்கிய 285 பெண் பிள்ளைகளுக்கு விழா எடுத்துப் புதுப்பெயர் சூட்டினார்கள். பள்ளியில் பெயர் சொல்லி அழைக்கும்போதெல்லாம், "நீ வேண்டாதவள்" என்று அரசுப் பதிவேடே அறிவிப்பதாயின், அந்தப் பிஞ்சு உள்ளம் என்ன பாடுபட்டிருக்கும்?

இனி ஐடாவுக்கு வருவோம். செருமானிய மொழிக் குடும்பத்தின் பழஞ்சொல் 'இத்'. அதன் பொருள் உழைப்பு, செயல். பண்டைய நார்ஸ் மொழியிலும் 'இத்யா' என்றால் வேலை. அந்த வேரில் முளைத்த பெயரே ஐடா. நார்ஸ் புராணத்தில் இதுன் என்றொரு தேவி உண்டு. அவள் பேழையில் உள்ள கனிகளைத் தின்பதால்தான் தேவர்கள் மூப்படையாமல் இருந்தார்களாம். ஓர் அரக்கன் அவளைக் கவர்ந்து சென்றதும் தேவர் கூட்டமே நரைத்துத் தளர்ந்ததாம். ஓசை ஒப்புமை கண்டு ஐடாவை அந்தத் தேவியோடு இணைத்துப் பேசுவோர் உண்டு. இணைக்கட்டும். நமக்குப் பாற்கடலும் புராணம், பனிநாட்டுக் கனியும் புராணம். உள்ளூர்ப் புராணத்தைப் பழித்துவிட்டு அயலூர்ப் புராணத்தைத் தலையில் சுமப்பது பகுத்தறிவு ஆகாது.

"ஐடாவா? அது எங்கள் இடா! மனுவின் வேள்வியில் பிறந்த மகள்! வேதத்திலிருந்து வடபுலம் சென்ற பெயர்!" என்று ஒரு கூட்டம் ஓடிவரும். ஓசை ஒத்தால் உறவாகிவிடுமா? ஆங்கிலத்தில் 'மேன்' என்றால் மனிதன். தமிழில் 'மேன்' என்றால் மேன்மை. இரண்டும் உடன்பிறப்பா? பெயரின் வரலாற்றை அறிய ஆவணம் வேண்டும், காலம் வேண்டும், ஒலிமாற்றத்தின் விதி வேண்டும். ஆர்வம் மட்டும் போதாது.

நம் பக்கத்திலும் ஒரு கேள்வி எழும்: "தமிழ்ப் பெயர் கேட்டுப் போராடிய இயக்கத்தின் ஏட்டில் அயல்மொழிப் பெயருக்கு என்ன புகழ்ச்சி?" நியாயமான கேள்வி. வேதாசலம் மறைமலையானதும், நாராயணசாமி நெடுஞ்செழியனானதும், இராமையா அன்பழகனானதும் வெறும் ஓசை மாற்றம் அல்ல; உரிமை முழக்கம். 1929-இல் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டங்களைத் துறக்கச் சொன்னது பெயரின் வாலை அறுக்க மட்டுமா? மனிதனின் கழுத்துக் கயிற்றை அறுக்க! அதே இயக்கத்தார் வீடுகளில்தான் ரஷ்யா என்றும், 1953-இல் ஸ்டாலின் என்றும் பிள்ளைகளுக்குப் பெயர் வைத்தார்கள். முரண்பாடா? இல்லை. பொருள் அறிந்து, காரணம் அறிந்து, தாமே தேர்ந்து வைத்தார்கள். அதுதான் அளவுகோல். தூய்மையே அளவுகோலானால் என்ன ஆகும் என்பதற்கு ஐஸ்லாந்து சான்று. அங்கே பெயர்களை ஏற்கவும் மறுக்கவும் ஒரு குழு உண்டு. இளங்காற்று என்று பொருள்படும் பெயரை ஒரு தாய் தன் மகளுக்கு இட்டாள். அந்தச் சொல் இலக்கணப்படி ஆண்பால் என்று மறுத்துவிட்டார்கள். விளைவு? அரசு ஆவணங்களில் அவள் பெயர் வெறும் 'பெண்'! 15 வயதில், 2013-இல், நீதிமன்றம் சென்றுதான் தன் பெயரை அவள் மீட்டாள்.

இப்போது திண்டிவனம் செல்வோம். ஐடா சோபியா ஸ்கடர், 1870-இல் இராணிப்பேட்டையில் பிறந்தவர். அமெரிக்காவிலிருந்து மதம் பரப்ப வந்த மருத்துவக் குடும்பத்தின் மகள். நோயுற்ற தாய்க்குத் துணையாக 1890-இல் திண்டிவனம் வந்தார். இங்கேயே தங்க அவருக்கு எண்ணமில்லை. மருத்துவம் படித்தவரும் அல்லர். ஓர் இரவு, ஒருவர் பின் ஒருவராக மூன்று ஆண்கள் வந்து கதவைத் தட்டினார்கள். ஒருவர் பார்ப்பனர்; ஒருவர் இஸ்லாமியர்; ஒருவர் உயர்சாதி என்று சொல்லிக்கொள்ளும் மற்றோர் இந்து. மூவர் வீட்டிலும் மனைவி பேறுகால வேதனையில் துடித்துக்கொண்டிருந்தாள். "என் தந்தை மருத்துவர், அவரை அழைத்துச் செல்லுங்கள்" என்றார் ஐடா. "அந்நிய ஆண் எங்கள் பெண்ணைத் தொடுவதா?" என்று மறுத்துத் திரும்பினார்கள் மூவரும். விடிந்தது. மூன்று பெண்களும் இறந்திருந்தார்கள்.

சாதியால் வேறுபட்டவர்கள், மதத்தால் மாறுபட்டவர்கள், பெண்ணைச் சாகவிடுவதில் மட்டும் ஒன்றுபட்டார்கள்! கைக்கெட்டும் தூரத்தில் மருத்துவர் இருந்தார். மானம் என்ற பெயரால் அவரைத் தடுத்தார்கள். கடவுள் தம்மை அழைத்தார் என்று ஐடா நம்பினார். நாம் சொல்வோம்: அவரை அழைத்தவை அந்த மூன்று பிணங்கள். அவர் கப்பலேறினார், கார்னெல் மருத்துவக் கல்லூரியில் 1899-இல் பட்டம் பெற்றார், திரும்பி வந்தார். 1902-இல் வேலூரில் மருத்துவமனை எழுந்தது. 1909-இல் செவிலியர் பள்ளி. 1918-இல் பெண்களுக்கென்றே மருத்துவப் பள்ளி. அதில் ஆண்கள் சேர்ந்தது 1947-இல்தான்! 1960-இல் மறையும் வரை இந்நாட்டிலேயே வாழ்ந்தார், மணம் செய்துகொள்ளவில்லை. அவருடைய மதத்தோடு நமக்கு மாறுபாடு உண்டு. அவருடைய உழைப்போடு இல்லை.

இன்னொரு வியப்பு. ஆங்கிலப் புலவர் டென்னிசன் 1847-இல் 'இளவரசி' என்றொரு காவியம் பாடினார். அதன் தலைவி பெயரும் ஐடா! ஆண்கள் நுழையக்கூடாத பெண்கள் பல்கலைக்கழகம் ஒன்றை அவள் அமைக்கிறாள். முடிவில் கல்விச்சாலை கலைகிறது, காதல் வெல்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டுப் புலவரின் கற்பனைக்கு அதற்கு மேல் துணிவு வரவில்லை. ஏட்டு ஐடாவின் கல்விச்சாலை கலைந்தது. நாட்டு ஐடாவின் கல்விச்சாலை வேலூரில் நிற்கிறது!

ஆகவே, 'உழைப்பு' என்று பெயரிட்டதால்தான் அவர் உழைத்தார் என்று கூறலாமா? கூறினால் நாமும் எண் கணித வித்தகராகிவிடுவோம். கறுப்பின மக்களைக் கும்பலாகக் கூடிக் கொல்லும் கொடுமையை எதிர்த்து எழுதிய ஐடா வெல்சும், 1925-இல் ரீனியம் என்ற தனிமத்தைக் கண்டவர்களுள் ஒருவரான ஐடா நோடாக்கும் அதே பெயர் தாங்கியவர்களே. அதே பெயரில் ஒன்றும் செய்யாமல் வாழ்ந்து மறைந்தோரும் ஆயிரம் பேர் இருப்பார்கள். பெயர் மனிதரை ஆக்குவதில்லை. மனிதர் பெயரை ஆக்குகிறார்.

ஆனால் தோழர்களே, என் நெஞ்சைக் குத்துவது வேறொன்று. திண்டிவனத்து இரவைச் சொல்லும்போதெல்லாம் கணவன்மாரின் சாதியைச் சொல்கிறார்கள், மதத்தைச் சொல்கிறார்கள். இறந்த மூன்று பெண்களின் பெயரைச் சொல்வதில்லை! இன்னாரின் மனைவி, இன்ன சாதிப் பெண், அவ்வளவே. அவர்களுக்கும் நாள் பார்த்து, நட்சத்திரம் பார்த்து, மங்கலமான பெயர்தானே வைத்திருப்பார்கள்? அந்த மங்கலம் அவர்களைக் காத்ததா? காத்திருக்கக் கூடியது எது? மருத்துவம் கற்ற ஒரு பெண். அந்த ஒருத்தியை உண்டாக்க அன்றைய சமுதாயம் மறுத்தது. பெண்ணுக்குப் படிப்பெதற்கு என்றது. அந்தச் சொல்லே கொலைக் கருவி!

இன்று விழுப்புரத்துக்கும் விக்கிரவாண்டிக்கும் இடையே, முண்டியம்பாக்கத்தில், 2010 முதல் அரசு மருத்துவக் கல்லூரி நடைபெறுகிறது. அங்கே பெண்களும் வெள்ளைச் சட்டை அணிந்து நடக்கிறார்கள். எந்த எழுத்தில் தொடங்கும் பெயர் அவர்களை அங்கே சேர்த்தது? எந்த எண்? படிப்பு சேர்த்தது, படிக்கவிட்ட பெற்றோர் சேர்த்தார்கள், இடஒதுக்கீடு என்னும் உரிமை சேர்த்தது.

இளைஞர்களே! உங்கள் வீட்டில் நாளை ஒரு பெண் பிறப்பாள். பிறப்பைப் பதிவுசெய்து, 12 மாதங்களுக்குள் பெயரைச் சேர்க்கக் கட்டணம் இல்லை. அந்த அலுவலகத்தில் சோதிடருக்கு நாற்காலியும் இல்லை. நல்ல தமிழில் பெயரிடுங்கள். அயல்மொழிப் பெயரானால் அதன் வேரறிந்து இடுங்கள். சாதி வாலை ஒட்டாதீர்கள். வித்தகருக்குக் கொடுக்கும் காசை அவள் புத்தகத்துக்கு வையுங்கள். வயது பதினெட்டானதும் பந்தக்கால் நடாமல் பட்டப்படிப்புக்கு அனுப்புங்கள். அப்பொழுது, இன்னாரின் மனைவி என்று அவளை யாரும் எழுதமாட்டார்கள். அவள் பெயரை அவளே கையெழுத்திடுவாள். ஊர் அதைப் படிக்கும்!