பேரி மேசனைப் பெற்ற வக்கீல்



வக்கீல்கள் எழுதிய துப்பறியும் நாவல்களைப் பற்றி எழுதக் கூடாதா என்று சிலர் கடிதத்தில் கேட்டிருந்தீர்கள். இன்று ஜான் கிரிஷாம் பெயர்தான் முதலில் வரும். என் ஓட்டு எர்ல் ஸ்டான்லி கார்ட்னருக்கு.

1889இல் மாசசூசெட்ஸில் பிறந்தவர். சட்டக் கல்லூரியில் சுமார் ஒரு மாதம்தான் தாக்குப்பிடித்தார்; குத்துச்சண்டை ஆர்வம் அவரை வெளியே தள்ளிவிட்டது. பிறகு வக்கீல் அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே தானாகப் படித்து, 1911இல் கலிபோர்னியாவில் வக்கீலானார். ஆக்ஸ்நார்டில் தொழில் நடத்தியபோது அவருடைய கட்சிக்காரர்களில் பலர் சீனர்கள். அன்றைய கலிபோர்னியாவில் சீனர்களுக்காக வாதாட எத்தனை வக்கீல்கள் முன்வந்திருப்பார்கள்!

அங்கே நடந்ததாகச் சொல்லப்படும் ஒரு கூத்து. லாட்டரிச் சீட்டு விற்றார்கள் என்று சீனக் கடைக்காரர்கள் பலரைப் பிடிக்கப் போலீஸ் தயாரானது. சீட்டு விற்றவர்களை அடையாளம் காட்ட ஆள் தயார். விஷயம் கார்ட்னர் காதுக்கு எட்டியது. காதும் காதும் வைத்தாற்போல் கடைக்காரர்களை இடம் மாற்றி உட்கார வைத்தார். சலவைக்காரர் மளிகைக் கடைக்குப் போனார், மளிகைக்காரர் வேறொரு கடைக்குப் போனார். போலீஸ் கடையைப் பார்த்து ஆளைப் பிடித்தது, முகத்தைப் பார்க்கவில்லை. வழக்கு பிசுபிசுத்துப் போயிற்று. யாரையும் பொய் சொல்லச் சொல்லவில்லை. சாட்சி உண்மையில் எதைப் பார்த்து அடையாளம் சொல்கிறான் என்று வெளிச்சம் போட்டுவிட்டார், அவ்வளவுதான். அவருடைய நாவல்களின் வக்கீல் நாயகன் பேரி மேசன் பின்னாளில் செய்ததெல்லாம் இதே வேலைதான்.

1920களில் பகலில் கோர்ட், இரவில் மலிவு விலைப் பத்திரிகைகளுக்குக் கதை. ஆண்டுக்குப் பன்னிரண்டு லட்சம் சொற்கள் என்று தனக்குத் தானே இலக்கு வைத்துக்கொண்டார். உங்கள் கதாநாயகன் ஏன் எப்போதும் கடைசித் தோட்டாவில்தான் வில்லனை வீழ்த்துகிறான் என்று கேட்டதற்கு, சொல்லுக்கு மூன்று சென்ட் தருகிறார்கள், ஒவ்வொரு 'டுமீலு'க்கும் காசு உண்டு, மிச்சத் தோட்டாக்களை எப்படி வீணாக்குவது என்றாராம். எங்களுக்கு எழுதுகிறவர்கள் இந்தக் கணக்கைத் தயவுசெய்து பின்பற்ற வேண்டாம்!

1933இல் முதல் பேரி மேசன் நாவல் 'தி கேஸ் ஆஃப் தி வெல்வெட் க்ளாஸ்' வந்தது. அதே ஆண்டில் வக்கீல் தொழிலுக்கு முழுக்குப் போட்டார். மேசன் வரிசை மட்டும் எண்பதைத் தாண்டியது, போதாததற்கு ஏ. ஏ. ஃபேர் என்ற புனைபெயரில் இன்னொரு வரிசை. பெரும்பாலும் வாயால் சொல்லச் சொல்லச் செயலாளர்கள் தட்டச்சு செய்தவை. அதனால் வர்ணனை சப்பென்றுதான் இருக்கும். மேசன் பார்க்க எப்படியிருப்பார் என்பதே சரியாகப் பிடிபடாது. ஆனால் குறுக்கு விசாரணை தொடங்கிவிட்டால் புத்தகத்தைக் கீழே வைக்க முடியாது. அதிலும் ஒரு தொழில் ரகசியம் உண்டு. பல கதைகளில் மேசன் வாதாடுவது முழு விசாரணையில் அல்ல, வழக்கை மேலே அனுப்பச் சாட்சியம் போதுமா என்று பார்க்கும் ஆரம்ப விசாரணையில். ஜூரி கிடையாது, வளவளப்பு கிடையாது. கோர்ட் படி ஏறியவருக்குத்தான் இந்தச் சுருக்குவழி தெரியும்.

புத்தகங்கள் கோடிக்கணக்கில் விற்ற பிறகும் கட்சிக்காரர்களை அவர் விடவில்லை. 1948இல் 'ஆர்கோசி' பத்திரிகையில் 'கடைசி முறையீட்டு மன்றம்' என்ற பகுதியைத் தொடங்கினார். செய்யாத குற்றத்துக்குச் சிறையில் கிடப்பதாகச் சொன்னவர்களின் வழக்குகளைத் தடயவியல் மருத்துவர், துப்பறிவாளர், பொய் கண்டறியும் கருவி நிபுணர் ஆகியோரை வைத்து மறுபடி கிளறினார். கைதிகளின் கடிதங்கள் குவிந்தன. சிலருக்கு விடுதலையும் கிடைத்தது. அதைப் பற்றிய நூலுக்கு 1953இல் துப்பறியும் எழுத்துக்கான எட்கர் விருது. எண்பது நாவல்களை ஒரு தட்டில் வைத்தாலும் எனக்கு இந்த ஒரு நூல்தான் கனம்.

1970இல் கலிபோர்னியாவின் டெமெகுலா பண்ணையில் காலமானார். புதிதாகப் படிக்க வருகிறவர்கள் முதல் நாவலில் ஆரம்பிக்க வேண்டாம், அதில் மேசன் கோர்ட்டுக்கே போவதில்லை. 1934இல் வந்த 'தி கேஸ் ஆஃப் தி ஹவ்லிங் டாக்' நாவலை எடுங்கள். நம்மூர் வக்கீல் ஜோடி கணேஷ் - வசந்த் ரசிகர்கள் படித்துவிட்டுச் சண்டைக்கு வரலாம். கடிதங்களை அடுத்த இதழில் போடுகிறோம்.

அன்புடன்,
ஆசிரியர்